அரிசி டப்பாவில் சாய்ந்திருந்த போன்

இம்மாதிரிக் குறிப்புகளை ஓய்வுபெறும்போதுதான் எழுதுவார்கள். பொன்னாடையெல்லாம் போர்த்தி முடிந்த பிறகு, புதிதாக வந்திருப்பவர்களைப் பார்த்து "எங்கள் காலத்தில்" என்று தொடங்குவார்கள். எனக்கு அதற்கெல்லாம் வெகுகாலம் இருக்கிறது. என் மகள் இப்போதுதான் யுகேஜி படிக்கிறாள். ஆனாலும் களப்பணிக்குச் சேர்ந்திருக்கும் உங்களுக்கு ஏதாவது எழுதிக் கொடுக்கும்படி கல்லூரியில் எங்கள் துறையில் கேட்டபோது சரி என்று சொல்லிவிட்டேன். சரி என்று சொல்வதும், பிறகு எனக்கு என்ன தகுதி இருக்கிறது என்று யோசித்துக்கொண்டே இருப்பதும் என் வழக்கம்.

கேள்விகளை எப்படி அமைப்பது, வீடுகளை எப்படித் தேர்ந்தெடுப்பது என்பதெல்லாம் பாடத்திலேயே இருக்கிறது. அவற்றை நான் சொல்லப்போவதில்லை. ஒரே ஒரு வீட்டைப் பற்றி மட்டும் சொல்கிறேன்.

குடும்பத்துக்குள் எது வேலை, எது வேலை இல்லை, அதை யார் தீர்மானிக்கிறார்கள் என்பதுதான் நம் ஆய்வு. சங்கரன்கோவிலில் அதற்கு வீடுகளுக்குப் பஞ்சமில்லை. "வேலைக்குப் போறீங்களா?" என்று கேட்பீர்கள். "இல்ல, சும்மாதான் இருக்கேன்" என்பார்கள். சொல்லும்போதே கை தார் சுற்றிக்கொண்டிருக்கும். தார் என்பது விசைத்தறியில் குறுக்கே ஓடும் நாடாவுக்குள் போடுகிற, நூல் சுற்றிய குச்சி. அது தீர்ந்துகொண்டே இருக்கும், யாராவது சுற்றிக்கொண்டே இருக்க வேண்டும். அந்த யாராவது பெரும்பாலும் அந்த வீட்டுப் பெண்ணாக இருப்பாள்.

செண்பகத்தின் வீட்டில் தறி இல்லை. செண்பகம் என்பது நான் மாற்றி வைத்த பெயர். என் வயதுதான் என்பதால் அவள் என்றே எழுதுகிறேன். மாமனார் இருந்த காலத்தில் ஓடிய தறிகளை விற்றுவிட்டுத்தான் அவள் கணவர் சவுதிக்குப் போயிருந்தார். அங்கே சரக்கு அடுக்கும் கிட்டங்கி ஒன்றில் வேலை. அவரைக் கணபதி என்று வைத்துக்கொள்ளலாம். வீட்டில் அவளும் மாமியாரும், மூன்றாம் வகுப்பு படிக்கும் மகளும். தெருவில் மற்ற வீடுகளிலெல்லாம் தறி ஓடும். அந்தச் சத்தத்தில் அங்கே எல்லோரும் உரக்கத்தான் பேசுவார்கள். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

முதல் முறை போனபோது என் கேள்விகளுக்கெல்லாம் மாமியாரே பதில் சொன்னார்.

"அவளுக்கு என்ன குறை? ஆடித்தபசுத் திருவிழா முடிஞ்சதும் எம்மவன் ஒரேயடியா வந்துருவான். இந்தச் சுவத்த இடிச்சுட்டு இங்கனயே தறி போடப் போறான். கொத்தனார்ட்ட சொல்லியாச்சு. புருசனும் பொஞ்சாதியுமா தறி ஓட்டுனா வேற என்ன வேணும்?"

செண்பகம் என்னை வழியனுப்ப எழுந்தாள். வாசல்வரை வந்து என்னிடம் மட்டும் சொன்னாள்.

"வெள்ளிக்கிழமை காலைல வாங்க டீச்சர். அத்தை கோயிலுக்குப் போயிருவாக. பிள்ளையும் ஸ்கூலுக்குப் போயிரும். நிம்மதியாப் பேசலாம்."

பேட்டி கொடுப்பவரைத் தவிர வேறு யாரும் அந்த இடத்தில் இருக்கக் கூடாது என்பது நம் விதி. அந்த விதிக்கு ஏற்ற நேரத்தை அவளே சொன்னது எனக்கு மகிழ்ச்சியாக இருந்தது.

அந்த வெள்ளிக்கிழமை என் மகளுக்கு லேசாகக் காய்ச்சல். மருந்து கொடுத்து, என் மாமியாரிடம் விட்டுவிட்டுப் போனேன். காய்ச்சல் பிள்ளையை விட்டுவிட்டு, வீட்டில் எது வேலை என்று இன்னொரு பெண்ணிடம் கேள்வி கேட்கப் போகிறேன் என்ற நினைப்பு வழியெல்லாம் உறுத்தியது. தெருமுனையில் நின்று வீட்டுக்குப் போன் செய்தேன். "அவ தூங்குதா, நீ போ" என்றார் என் மாமியார். அப்படியும் இன்னொரு முறை செய்தேன்.

செண்பகம் அடுப்படியில் கத்தரிக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். நான் அடுப்படி வாசலில் பலகையைப் போட்டு உட்கார்ந்தேன். முன்னறை, பின்கட்டு எல்லாம் ஒரு முறை பார்த்துக்கொண்டேன். யாரும் இல்லை. அடுப்புக்குப் பக்கத்தில் அரிசி டப்பாவில் அவளுடைய போன் சாய்ந்திருந்தது. எனக்குத் தெரிந்தது அதன் முதுகு மட்டும்தான். மகள் ஒட்டிய பூனைப் படம் ஒன்று அதில் இருந்தது.

வழக்கமாகச் சொல்வதைச் சொன்னேன். "நீங்க பேசும்போது நான் குறுக்கே பேச மாட்டேன். அவசரமே இல்ல. முழுசா சொல்லி முடிங்க." என் போனில் பதிவை ஓடவிட்டேன்.

சின்னச் சின்னக் கேள்விகளெல்லாம் முடிந்து அந்தக் கேள்விக்கு வந்தோம். கணவர் ஊரோடு திரும்பி வந்துவிட்டால் உங்கள் அன்றாடத்தில் என்ன மாறும்?

அவள் கத்தியைக் கீழே வைத்தாள்.

"அவுக வரணும் டீச்சர். அதுல ரெண்டு பேச்சு இல்ல. ஆனா தறி வரக் கூடாது."

நான் குறுக்கே பேசவில்லை.

"நான் பி.காம் படிச்சிருக்கேன். எம்மவ ஸ்கூல் ஆபீஸ்ல என்னைய வேலைக்குக் கூப்பிடுதாக. எனக்குப் போகணும். தறி வந்தா நான் தார் சுத்தணும், அறுந்த இழைய எடுத்துக் கட்டணும். நாள் பூரா செய்வேன். யாராது கேட்டா, அவ வீட்டுல சும்மாதான் இருக்கான்னு சொல்லுவாக. எங்கம்மைய அப்படித்தான் சொன்னாக. நான் அஞ்சாப்பு படிக்கையிலேருந்து தார் சுத்துனேன், அதுக்குப் பேரு வெளையாட்டுன்னாக. நாளைக்கு எம்மவளையும் அதத்தான் சொல்லுவாக."

உரக்கச் சொன்னாள். பக்கத்து வீட்டுத் தறிச் சத்தத்துக்காக என்று நினைத்தேன். உண்மையைச் சொன்னால், அந்த நொடியில் எனக்குள் ஒரு சந்தோஷம். கட்டுரையில் எந்த இடத்தில் இதைச் சேர்க்கலாம் என்றுகூட ஓடியது.

அப்போது அரிசி டப்பாவின் பக்கமிருந்து ஒரு சத்தம் வந்தது. பாத்திரத்தைக் கீழே வைக்கும் சத்தம். அடுத்து ஓர் ஆண் தொண்டையைச் செருமினார்.

செண்பகம் எட்டிப் போனை எடுத்தாள், திரையைப் பார்த்தாள்.

"கட் பண்ணிட்டாக" என்றாள்.

"உங்க வீட்டுக்காரரா? லைன்ல இருந்தாரா?"

"ம்."

"இதை நிறுத்திரட்டுமா?"

"எதுக்கு? நீங்க கேளுங்க." மறுபடியும் கத்தியை எடுத்துக்கொண்டாள். முகம் வெளிறியிருந்தது. ஆனால் பேசினாள். கணவரைப் பற்றித்தான் பேசினாள். அவர் அங்கே தனியாகச் சமைத்துச் சாப்பிடுவது, உப்பு அளவு இன்றுவரை அவருக்குக் கைக்கு வராதது, வேலை முடிந்து வந்து செருப்பைக் கழற்றாமலே தூங்கிவிடுவது. "அவுக ஒத்தையில உக்காந்து சாப்பிடுதத போன்ல பாத்தா எனக்கு இங்கன சோறு எறங்காது டீச்சர்" என்றாள். இவை எல்லாம் பதிவாகின. இவற்றைக் கேட்க அவர் லைனில் இல்லை.

வீட்டுக்கு வந்தேன். மகளுக்குக் காய்ச்சல் விட்டிருந்தது, எனக்குத்தான் உடம்பு சரியில்லாதது போல இருந்தது. அறையைப் பார்த்தேனே தவிர போனைப் பார்க்கவில்லையே என்று திரும்பத் திரும்ப ஓடியது. அவளிடம் பேசும் தைரியம் வரவில்லை. பேசினால் இன்னும் கெடுத்துவிடுவேனோ, பேசாமல் இருப்பதுதான் கெடுதலோ என்று மாறி மாறி நினைத்து, ஒன்றும் செய்யாமல் இருந்தேன்.

அடுத்த வாரம் பஸ் ஸ்டாண்டில் செண்பகத்தின் மாமியார் என்னைப் பார்த்துவிட்டார். காய்கறிப் பையோடு நேரே என்னிடம் வந்தார்.

"ஏ தாயி, நீ அந்தக் காலேஜ் டீச்சர்லா?"

"ஆமாம்மா."

"எம்மவன் எங்கிட்ட ரெண்டு வார்த்த பேசிட்டு வச்சிருதான். அவகூட பேசவே மாட்டேங்கான். அவ கூப்பிட்டா எடுக்கதே இல்ல. ஒருநாளும் இப்படி இருந்ததில்ல. நீ என்னத்தக் கேட்ட?"

"பொதுவாத்தான்மா கேட்டேன்."

"பொதுவாக் கேட்டதுக்கா இந்தக் கூத்து? வீட்டுல எத்தன பேருன்னு கேட்டு எழுத வருவாக, பாத்திருக்கேன். புருசன் பொஞ்சாதிக்கு நடுவுல என்ன இருக்குன்னு கேட்டு எழுதவும் ஒரு படிப்பு இருக்கோ?"

பஸ்ஸுக்கு நின்றவர்களெல்லாம் என்னைப் பார்த்தார்கள். அந்தப் படிப்பைத்தான் நான் படித்திருக்கிறேன், அதைத்தான் சொல்லிக்கொடுக்கிறேன். ராஜபாளையம் பஸ் வந்தது. நான் ஏற வேண்டிய பஸ் அது இல்லை. ஆனால் ஏறியிருப்பேன், அவர் என் கையைப் பிடித்திருக்காவிட்டால்.

"திட்டுதேன்னு நெனைக்காத" என்றார், குரலைத் தாழ்த்தி. "அவ சாப்பிடாமக் கெடக்கா. அதான் கேக்கேன்."

அன்று மாலை மகளுக்கு இட்லி ஊட்டிக்கொண்டிருந்தபோது வெளிநாட்டு எண்ணிலிருந்து அழைப்பு. பேட்டிக்கு முன்னால் செண்பகத்திடம் கொடுத்த தாளில் என் எண் இருந்தது. அவரிடம் அது எப்போதோ போயிருக்கிறது.

"டீச்சர், கணபதி பேசுதேன். செண்பகத்து வீட்டுக்காரர்."

"சொல்லுங்கண்ணே."

"நான் கட் பண்ணுன பொறவு அவ என்னமும் சொன்னாளா?"

நான் இட்லித் தட்டைக் கீழே வைத்தேன்.

"ரெக்கார்டு பண்ணியிருப்பியள்லா. எனக்கு அத அனுப்பிவிடுங்க. ஒருத்தர்ட்டயும் காட்ட மாட்டேன்."

"அது முடியாதுண்ணே."

"எம் பொண்டாட்டி பேசுனதுதான டீச்சர்?"

"அவங்க பேசுனதுதான். அதனாலதான் முடியாது. நீங்க அவங்ககிட்டயே கேளுங்க."

"எங்கிட்ட சொல்லலியே அவ. உங்ககிட்டதான சொன்னா." நான் வாய் திறப்பதற்குள் தொடர்ந்தார். "நீங்க வாரதுக்கு முன்னால எங்களுக்குள்ள ஒண்ணும் இல்ல டீச்சர்."

வைத்துவிட்டார். மகள் வாயைத் திறந்துகொண்டு அடுத்த வாய் இட்லிக்குக் காத்திருந்தாள்.

என் கணவருக்குச் சென்னையில் வேலை. அவரிடம் சொன்னேன். "கடைசியில அந்தம்மா நல்லபடியாத்தானே பேசியிருக்காங்க? அந்தப் பகுதியை மட்டும் வெட்டி அனுப்பிவிடு. கேட்டா அந்த ஆள் இளகிருவான். இதைப் போட்டு ஏன் குழப்பிக்கிட்டிருக்க?" என்றார். தவறாகச் சொல்லவில்லை. நானும் அதையேதான் நினைத்துக்கொண்டிருந்தேன். சோறு இறங்காது என்ற அந்த ஒரு வரியைக் கணபதி கேட்டால் போதும். வெட்டியும் வைத்துவிட்டேன். அனுப்ப வேண்டியதுதான் பாக்கி.

மறுநாள் துறைத்தலைவரின் அறை வாசல்வரை போய்த் திரும்பினேன். அனுப்பாதே என்பார். அது எனக்கும் தெரியும். அனுப்பாமல் இருந்துவிட்டு, பேசாமல் கிடக்கும் இரண்டு பேரை என்ன செய்வது என்பதுதான் எனக்குத் தெரியவில்லை.

நான் அனுப்பவில்லை. ஏன் என்பதை இப்போது தெளிவாக எழுத முடிகிறது. இனிக்கிற பகுதியை நாமே வெட்டிக் கொடுத்தால், கசக்கிற பகுதியை இன்னொருவர் கேட்கும்போது மறுக்க நமக்கு வாய் இருக்காது. அவள் எதை அவரிடம் சொல்ல வேண்டும், எப்போது சொல்ல வேண்டும் என்று தீர்மானிக்கும் வேலை அவளுடையது. அதை நல்லெண்ணத்தோடு பிடுங்கிக்கொள்வதும் பிடுங்குவதுதான். ஆனால் அன்று இவ்வளவு தெளிவு இருந்தது என்று நினைத்துவிடாதீர்கள். ஒரு குடும்பம் உடைவதை விதியைக் காட்டி வேடிக்கை பார்க்கிறேனோ என்ற பயத்தோடுதான் அனுப்பாமல் இருந்தேன். உங்களுக்கும் அப்படி நேரும். சரியானதைச் செய்யும்போது சரி என்று தோன்றும் என எதிர்பார்க்காதீர்கள்.

அடுத்த வெள்ளிக்கிழமை காலை செண்பகத்தின் வீட்டுக்குப் போனேன். பேட்டியை அவள் விரும்பினால் திரும்பப் பெற்றுக்கொள்ளலாம், அவள் முன்னாலேயே அழித்துவிடுகிறேன் என்று சொல்வதற்காக. வழியெல்லாம் மன்னிப்பு வாக்கியங்களைச் சொல்லிப் பார்த்துக்கொண்டே போனேன்.

மாமியார் கோயிலுக்குப் போயிருந்தார். செண்பகம் அடுப்படியில் இருந்தாள். மெலிந்திருந்தாள். குழம்பு கொதித்துக்கொண்டிருந்தது. போன் அதே அரிசி டப்பாவில் சாய்ந்திருந்தது. இந்த முறை நான் உள்ளே போய் அதன் முகத்தைப் பார்த்தேன். திரை இருட்டாக இருந்தது.

மனப்பாடம் செய்த வாக்கியங்களைச் சொல்லத் தொடங்கினேன். பாதியில் அவள் கையைக் காட்டி நிறுத்தினாள்.

"அழிக்க வேண்டாம். அவுக லைன்ல இருக்காகன்னு எனக்குத் தெரியும் டீச்சர்."

எனக்கு ஒன்றும் புரியவில்லை.

"எம்போன் எங்கன இருக்குன்னு எனக்குத் தெரியாதா? வெள்ளிக்கிழமை அவுகளுக்கு லீவு. அவுக அங்கன சமைப்பாக, நான் இங்கன சமைப்பேன். போனு பாட்டுக்கு ஓடும். எப்பவும் பேசிக்கிட்டே இருக்க மாட்டோம். சும்மா, ஒரு வீட்டுல இருக்க மாதிரி."

வெள்ளிக்கிழமை வாருங்கள் என்று அவள் சொன்னது மாமியார் இருக்க மாட்டார் என்பதற்காக என்றுதான் நான் நினைத்திருந்தேன்.

"என்கிட்ட முன்னாடியே சொல்லியிருக்கலாமே?"

"சொன்னா நீங்க கேள்வி கேட்ருப்பியளா?"

கேட்டிருக்க மாட்டேன். கும்பிட்டுவிட்டு எழுந்து போயிருப்பேன்.

"நானும் எத்தனையோ மட்டம் இந்தப் பேச்ச எடுத்துப் பாத்துட்டேன். 'ஊருக்கு வந்து பேசிக்கிடலாம்'பாக. வந்துட்டா மறுநாளே கொத்தனாரு வந்து நிப்பாரு. இல்லன்னா பேசும்போதே அத்தை வந்துருவாக, பிள்ளை போனப் பிடுங்கும். நீங்க கேட்டிய. காலேஜ்லேருந்து வந்து கேக்காகன்னா பதில் சொல்லித்தான ஆகணும்? குறுக்க பேச மாட்டேன், முழுசா சொல்லி முடின்னு நீங்கதான் சொன்னிய. எங்கிட்ட அப்படி யாரும் சொன்னதில்ல."

நிம்மதியாக இருந்தது. கொஞ்சம் கோபமும் வந்தது. நான் அவளிடம் கேள்வி கேட்கப் போனேன். அவள் என்னை வைத்துத் தன் கணவரிடம் பேசியிருக்கிறாள். இத்தனை நாளும் தூக்கம் கெட்டது அதற்குத்தானா என்று தோன்றியது. ஆனால் அவள் முகத்தைப் பார்த்தபோது அந்தக் கோபம் நிலைக்கவில்லை.

"பயமா இல்லையா உங்களுக்கு?"

"இல்லாம? முழுசா கேட்டுட்டு ஏசுவாகன்னு நெனச்சேன். பதிலுக்கு நானும் பேசலாம்னு இருந்தேன். இப்படி வாயே தொறக்காம இருந்துருவாகன்னு நெனைக்கல." குழம்பைக் கிண்டினாள். கிண்ட வேண்டிய தேவை இல்லாமல் கிண்டினாள். "இன்னைக்கு வெள்ளிக்கிழமை. அதான் போன அங்கனயே வச்சுருக்கேன்."

நான் இங்கேதான் உங்களுக்குச் சொல்ல வந்ததைச் சொல்ல வேண்டும். நம்மிடம் சொல்லப்படும் பதில் எப்போதும் நமக்காக மட்டும் சொல்லப்படுவது இல்லை. சுவருக்கு அப்பால் இருப்பவருக்காக, போனில் இருப்பவருக்காக, சில சமயம் சொல்பவர் தானே கேட்பதற்காகவும் சொல்லப்படும். எழுதும்போது என்ன சொன்னார் என்பதோடு, யாருக்குச் சொன்னார் என்றும் கேட்டுப் பாருங்கள். அந்த அறையில் யாரும் இல்லை என்று எழுதுவதற்கு முன்னால் இரண்டு முறை யோசியுங்கள். செண்பகத்தின் பேட்டியை ஆய்வில் எந்தத் தலைப்பில் சேர்ப்பது என்று எனக்கு இன்றுவரை முடிவாகவில்லை.

நான் கிளம்ப எழுந்தபோது போன் அடித்தது.

செண்பகம் கையை முந்தானையில் துடைத்தாள். துடைத்துக்கொண்டே நின்றாள். அடிப்பது நின்றுவிடப்போகிறதோ என்று என் மனம் பதறியது. பிறகு விரலால் தொட்டுவிட்டு, போனை எடுக்காமல் அப்படியே டப்பாவில் சாய்ந்திருக்க விட்டாள். திரையில் ஒரு சின்ன அடுப்படி தெரிந்தது. கணபதி வெங்காயமும் கையுமாக நின்றிருந்தார்.

"டீச்சர் வந்திருக்காக" என்றாள் செண்பகம்.

நான் வாசலை நோக்கி நகர்ந்தேன்.

"இருக்கச் சொல்லு" என்றார் அவர். "டீச்சர், அன்னைக்கு அவட்ட ஒரு கேள்வி கேட்டியள்லா. நான் ஊருக்கு வந்தா என்ன மாறும்னு. அத எங்கிட்டயும் கேளுங்க."

"அவங்க இங்கதான் நிக்காங்கண்ணே."

"தெரியும் டீச்சர்."

கையில் கேள்வித்தாள் இல்லை, பதிவும் ஓடவில்லை. விதிப்படி இது பேட்டியே இல்லை. கேட்கலாமா கூடாதா என்று என் மனம் வழக்கம்போல இரண்டு பக்கமும் ஓடியது. ஓடட்டும் என்று விட்டுவிட்டுப் பலகையில் உட்கார்ந்தேன்.

"நீங்க ஊரோட திரும்பி வந்துட்டா உங்க அன்றாடத்துல என்ன மாறும்? அவசரமே இல்லண்ணே. நாங்க குறுக்கே பேச மாட்டோம்."

அவர் வெங்காயத்தைக் கீழே வைத்தார். பக்கத்து வீட்டில் தறி ஓடிக்கொண்டிருந்தது.

"எனக்குத் தறியத் தவுர வேற ஒண்ணும் தெரியாது டீச்சர்" என்றார். குரல் மிகத் தாழ்ந்திருந்தது. "அதும் வேண்டாம்னுட்டா, அந்த வீட்டுல நான் யாருன்னுதான்..."

அவர் சொன்ன மீதி, குழம்பு கொதிக்கும் சத்தத்தில் கேட்கவில்லை. செண்பகம் அடுப்பை அணைத்தாள்.